கொட்டியாரக் குடாவின் கேசட்டுகள்

திருகோணமலையில் கடலைப் படம் எடுக்கலாம். துறைமுகத்தை எடுக்கக் கூடாது. எது கடல், எது துறைமுகம் என்பதைக் காவலுக்கு நிற்கும் கடற்படைப் பையன் முடிவு செய்வான். உள்துறைமுகப் பக்கம் ஓட்டோவை நிறுத்தச் சொல்லிவிட்டு நான் கைபேசியை எடுத்ததுமே ஓட்டோக்காரர் கண்ணாடியில் பார்த்துவிட்டார். "அண்ணை, மானை எடுங்கோ, கோயிலை எடுங்கோ. இந்தப் பக்கம் வேண்டாம்." மான் என்றது பிரெட்ரிக் கோட்டைக்குள் சர்வ சாதாரணமாகத் திரியும் புள்ளிமான்களை. வீட்டு வாசலில் நின்று வாழைப்பழத்தோல் தின்கின்றன. அவற்றைப் படமெடுக்க யாரும் அனுமதி கேட்பதில்லை.

நகரம் ஒடுங்கிய ஒரு நிலத்துண்டில் இருக்கிறது. கிழக்கே திறந்த கடல். மேற்கே, குன்றுகள் உள்ளங்கையில் பொத்தி வைத்த மாதிரி உள்துறைமுகம். தெற்கே கொட்டியாரக் குடா, அதன் கரையில் கிண்ணியாவும் மூதூரும். மகாவலி கங்கை அந்தக் குடாவில்தான் வந்து விழுகிறது. குடாவுக்கு அடியில் தொடங்கும் பெரும் பள்ளத்தாக்கு ஒன்று ஆழ்கடல்வரை நீள்கிறது. திமிங்கிலங்கள் கரைக்கு இவ்வளவு பக்கத்தில் வருவது இந்த ஆழத்தால்தான். போர்த்துக்கீசர் முதல் ஆங்கிலேயர்வரை எல்லாரும் இந்தத் துறைமுகத்துக்காக அடித்துக்கொண்டதும் இதே ஆழத்தால்தான். 1942 ஏப்ரல் 9 அன்று ஜப்பானிய விமானங்கள் வந்து குண்டு போட்டுவிட்டுப் போயின. ஆங்கிலேயர் கட்டிய எண்ணெய்த் தாங்கிகளில் 99 இன்னும் சீனக்குடாக் காட்டுக்குள் நிற்கின்றன. அவை யாருக்கு என்பதில் கொழும்பும் டில்லியும் பல வருடம் பேசின. அதை எழுத வேறு ஆட்கள் இருக்கிறார்கள். நான் வந்தது கேமராவைத் தேடி.

இந்தக் கடலுக்கும் கேமராவுக்கும் பழைய உறவு. ஆர்தர் சி. கிளார்க்கின் கூட்டாளியான மைக் வில்சன் 1956இல் கோணேசர் மலைக்குக் கீழே மூழ்கி, 17ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கீசர் இடித்துத் தள்ளிய கோயிலின் தூண்களையும் செதுக்குக் கற்களையும் கண்டார். இலங்கைக் கடலடியைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். 1962இல் 'ரன் முத்து தூவ' என்ற படத்தை இயக்கினார். சிங்களத்தின் முதல் வண்ணக் கதைப்படம் அது. கடலடிக் காட்சிகள் திருகோணமலையில் எடுத்தவை. பின்னாளில் சினிமாவை விட்டுவிட்டுச் சுவாமி சிவ கல்கி என்ற பெயரில் முருகனடியாராகித் துறவு பூண்டார். கோணேசர் விட்டாலும் கதிர்காமத்தான் விடவில்லை போலும்.

கடலுக்குள் இறங்கிப் பார்த்த கேமராக்களின் கதை இப்படிப் போகிறது. கடலே கரைக்கு ஏறி வந்த நாளில் கேமராக்கள் எங்கே இருந்தன என்பதுதான் என் கேள்வி.

2004 டிசம்பர் 26, ஞாயிறு, மார்கழிப் பௌர்ணமி. இலங்கையில் போயா விடுமுறை. அன்றைய இலங்கை நேரப்படி காலை 6.58க்குச் சுமாத்திராவை ஒட்டிக் கடலடி பிளந்தது. இரண்டு மணி நேரத்துக்குள் கிழக்குக் கரையில் அலை. நாடு முழுவதும் 35,000க்கு மேல் இறந்தார்கள். இந்த மாவட்டத்தில் மட்டும் சுமார் 1,000 பேர். குன்றுகளுக்குள் ஒதுங்கியிருந்த உள்துறைமுகத்துக்குப் பெரிய சேதமில்லை. தாழ்ந்த மணற்கரையில் இருந்த கிண்ணியாவும் மூதூரும், வடக்கே நிலாவெளியும் குச்சவெளியும் அடி வாங்கின. கிண்ணியா ஆஸ்பத்திரியை நோயாளிகளோடு சேர்த்துக் கடல் அடித்துப் போட்டது.

தொலைக்காட்சியில் நாம் அப்போது பார்த்த காட்சிகளை நினைவுக்குக் கொண்டுவாருங்கள். பெரும்பாலும் ஹோட்டல் பால்கனியிலிருந்து வெள்ளைக்காரப் பயணிகள் எடுத்தவை. ஆச்சேயில் மட்டும், சொந்தக்காரர் கல்யாணத்துக்கு வந்திருந்த சுட் புத்ரி என்ற பெண் வீட்டுக் கேமராவில் எடுத்தது உலகம் சுற்றியது. எங்கள் நாகப்பட்டினம் மாவட்டத்தில் 6,000க்கு மேல் இறந்தார்கள். அங்குள்ள குப்பங்களில் கேட்டால் அலையின் உயரத்தைத் தென்னையைக் காட்டித்தான் சொல்வார்கள். கையில் கேமரா வைத்திருந்தவர்களுக்கு அது ஊர் பார்க்க வந்த இடம். அது வீடாக இருந்தவர்களிடம் கேமரா இல்லை.

திருகோணமலைக்கு இதற்கு மேலும் ஒரு காரணம் உண்டு. இங்கே கேமரா சந்தேகப் பொருள். 2002 போர் நிறுத்தத்துக்குப் பிறகு பிடி கொஞ்சம் தளர்ந்திருந்தது, பழக்கம் போகவில்லை. அது ஏன் போகவில்லை என்பதற்கு டச்சுக் குடாக் கடற்கரையே சாட்சி. 2006 ஜனவரி 2 அன்று மாலை அங்கே உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்த ஐந்து தமிழ் மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். கைக்குண்டு வெடித்து இறந்தார்கள் என்றது அரசுத் தரப்பு. 'சுடர் ஒளி' நிருபர் சுப்பிரமணியம் சுகிர்தராஜன் எடுத்த படங்களில் தலையில் துப்பாக்கிக் குண்டு பாய்ந்த காயங்கள் தெரிந்தன. படங்கள் வெளிவந்தன. ஜனவரி 24 காலை, வேலைக்குக் கிளம்பிய இடத்தில் சுகிர்தராஜனைச் சுட்டுக் கொன்றார்கள். நான் போன மாலை அதே கடற்கரையில் கச்சான் விற்றுக்கொண்டிருந்தார்கள். பிள்ளைகள் பட்டம் விட்டுக்கொண்டிருந்தார்கள்.

கிண்ணியாவுக்கு இப்போது பாலம் இருக்கிறது. 2009 அக்டோபரில் திறந்தார்கள். அதற்கு முன்பு படகுப் பாதைதான். கல்யாணப் பெண்ணும் கர்ப்பிணியும் கருவாட்டு மூட்டையும் ஒரே தட்டில் நின்று கடந்தார்கள். நகரத்து ஆசிரிய நண்பர் ஒருவர், "சுனாமிக்குப் பிறகு படம் எடுக்கத் தொடங்கின ஆள் வேணுமெண்டால் எங்கட வீடியோ நானாவைப் பாருங்கோ" என்று சொல்லி அனுப்பியிருந்தார். நானா என்றால் இங்குள்ள முஸ்லிம் பேச்சில் அண்ணன். பெயரைப் போட வேண்டாம் என்று அவர் கேட்டுக்கொண்டதால் இங்கும் நானாதான்.

மாடி அறை. இரும்பு அலுமாரி இரண்டு. திறந்ததும் பூச்சி உருண்டை வாசம் முகத்தில் அடித்தது. கீழ்த்தட்டுகளில் வி.எச்.எஸ். கேசட்டுகள், மேல்தட்டுகளில் மினி டி.வி. ஒவ்வொன்றின் முதுகிலும் பால்பாயின்ட் பேனாவால் பெண்ணின் தகப்பன் பெயர், தேதி, ஓர் எண். சப்பாத்துப் பெட்டிகளில் வரும் ஈரம் உறிஞ்சும் சின்னப் பொட்டலங்களைச் சேர்த்துச் சேர்த்து இடையில் செருகி வைத்திருக்கிறார். மாரிக்கு முன் வருடம் ஒருமுறை எல்லாக் கேசட்டையும் ஓட்டித் திரும்பச் சுற்றி வைப்பாராம். மூலையில் துணி போர்த்திய பானசோனிக் எம்-9000. ஒரு காலத்தில் தமிழ்நாட்டுக் கல்யாண வீடுகளிலும் மாப்பிள்ளைக்கு அடுத்த மரியாதை அதைத் தோளில் தூக்கியவருக்குத்தான்.

"அண்டைக்கு நீங்க படம் எடுத்தீங்களா நானா?"

"தொடவே இல்ல தம்பி. கமரா மேல கிடந்திச்சி. கீழ ஆக்களத் தூக்கவே கை போதல்ல. பிறகு மையித்துகள் அடக்கினம். மையித்தப் போய் யாரும் படம் புடிப்பாங்களா?"

கடல் ஏறிய அந்த வாரம் அவர் ஒரு நொடிகூடப் பதிவு செய்யவில்லை. அவரிடம் கேமரா வேலை தானாக வந்து நின்றது ஒன்றிரண்டு மாதம் கழித்து. கூடாரத்தில் இருந்த ஒருவர் வந்தார். மனைவி மௌத்து. வீடு, ஆல்பம், கல்யாணக் கேசட், அடையாள அட்டை எல்லாம் போயிற்று. பிள்ளைக்குத் தாய் முகம் காட்ட ஒரு படம்கூட இல்லை. "உங்கட்ட மாஸ்டர் கேசட் இரிக்குமே" என்று கேட்டார்.

இங்கே ஒரு சிக்கல். முஸ்லிம் கல்யாணத்தில் ஆண்கள் பக்கத்தைத்தான் நானா எடுப்பார். பெண்கள் பக்கம் அவர் மனைவி, கைக்கு அடக்கமான சின்னக் கேமராவில். அந்தக் கேசட் பெண் வீட்டாரைத் தவிர வேறு யார் கைக்கும் போகாது என்பது ஊரோடு அவர்கள் செய்திருந்த எழுதாத ஒப்பந்தம். வந்தவரின் சொந்தக் கல்யாணத்தை எடுத்தது வேறு ஆள், அந்தக் கடையே இல்லை. ஆனால் இறந்தவர் அக்கம்பக்கத்துக் கல்யாணங்களுக்குப் போயிருப்பார். மற்றவர் கேசட்டுகளில், மற்றப் பெண்களுக்கு நடுவில், எங்காவது ஓரத்தில் இருப்பார்.

நானாவும் அவர் மனைவியும் உட்கார்ந்து தேடினார்கள். மின்சாரம் இருந்த இரவுகளில் கேசட் கேசட்டாக. கடைசியில் ஒரு மருதாணி இரவில் கிடைத்தார்: கையில் தட்டோடு கதவைத் தாண்டி வருகிறார், யாரோ ஏதோ சொல்லச் சிரிக்கிறார், கேமராவைப் பார்த்ததும் முந்தானையை இழுத்துக்கொண்டு நகர்கிறார். அவ்வளவுதான். அந்தச் சட்டத்துக்குள் இன்னும் நான்கைந்து பெண்கள் இருந்தார்கள். நானாவின் மனைவி அவர்களைத் தேடிக் கிளம்பினார். ஒருவர் பாடசாலை முகாமில், ஒருவர் கந்தளாயில் அண்ணன் வீட்டில், ஒருவர் உயிரோடு இல்லை. இருந்தவர்களிடம் நேரில் கேட்டார். இல்லாதவருக்கு அவர் தாயிடம் கேட்டார். ஒருவர் மறுத்துவிட்டார். மறுத்தவர் நின்ற பக்கத்தை வெட்டி, மிச்சத்தை மெதுவாக ஓடவிட்டு, சிரிக்கும் இடத்தில் நிறுத்திப் படமாக அச்சடித்துக் கொடுத்தார்கள்.

பிறகு ஆள் மேல் ஆள் வந்தார்கள். மனைவி ஒரு மோனிட்டர் கொப்பி போட்டார். அதை எனக்குக் காட்டினார்கள், முகங்களைக் காட்டவில்லை. நான்கு பத்தி கோடு: கேசட் எண், நிமிடம், யார், யாரிடம் கேட்டது. நான்காவது பத்தியில் சில இடங்களில் 'ஓம்', சில இடங்களில் 'வேணாம்', சில இடங்களில் 'உம்மாட்ட கேக்கணும்'. பக்கம் பக்கமாக நுணுக்கி எழுதியிருந்தது. ஆவணப்படக் கல்லூரிகளில் பதிவேடு, ஒப்புதல் படிவம் என்று ஒரு பருவம் முழுக்கச் சொல்லித் தருவதைக் கிண்ணியாவில் ஒரு பெண் கண்ணீரோடு கண்ணீராகக் கோடு போட்டு வைத்திருந்தார். நானாவைப் பார்க்க வந்த நான், இந்த வீட்டில் முதல் ஆவணப்படக்காரர் யார் என்பதில் அங்கேயே மனம் மாறிவிட்டேன்.

பேரிடரில் தப்பியவர் கேமரா எடுப்பது உலகத்தில் வேறு இடங்களிலும் நடந்திருக்கிறது. அதிகம் பேசப்பட்டவர் நியூ ஓர்லியன்ஸ் நகரத்துக் கிம்பர்லி ரிவர்ஸ் ராபர்ட்ஸ். 2005 ஆகஸ்ட் 29 அன்று கத்ரீனா புயல் தாக்குவதற்குக் கொஞ்ச நாள் முன்புதான் தெருவில் 20 டாலருக்கு ஒரு கேமரா வாங்கியிருந்தார். ஊரை விட்டுப் போக வண்டியில்லாத ஏழைக் கறுப்பினக் குடும்பம். வெள்ளம் வீட்டுக்குள் ஏற ஏறப் பரணில் இருந்துகொண்டு பாட்டரி சாகும்வரை எடுத்தார். அந்தக் காட்சிகளை வைத்து டியா லெசினும் கார்ல் டீலும் இயக்கிய 'டிரபிள் த வாட்டர்' 2008இல் சன்டான்ஸ் விழாவில் பெரும் பரிசு பெற்றது, ஆஸ்கர் பரிந்துரைக்கும் போனது. படத்தின் உயிர் கிம்பர்லியின் காட்சி. இயக்குநர்கள் வேறு ஆட்கள். அவரே இயக்கிய 'ஃபியர் நோ கம்போ' வந்தது 2016இல். புயலுக்கும் அதற்கும் நடுவே 11 வருடம். விழா மேடைகளில் இந்தப் 11 வருடத்தை ஒரு வரியில் தாண்டிவிடுவார்கள். என்னைக் கேட்டால் கதையே அதில்தான் இருக்கிறது. இலங்கைத் தெற்குக் கரைப் பெரலியவுக்கு உதவி செய்ய வந்து, தங்கி, 'தேர்ட் வேவ்' என்ற படம் எடுத்த ஆஸ்திரேலியர் அலிசன் தாம்சனும் உண்டு. 2008 கான் விழாவில் நடுவர் தலைவர் ஷான் பென் அதைச் சிறப்புத் திரையிடலாகக் கொண்டுவந்தார். நல்ல மனம் படைத்த படம். ஆனால் அவர் அலைக்குப் பிறகு வந்தவர்.

சுனாமிதான் உங்களைப் படக்காரர் ஆக்கியதா என்று நானாவிடம் கேட்டேன். பத்திரிகைக்காரன் கேட்கும் கேள்விதான். அவர் சிரிக்கவில்லை. "சுனாமி என்ன பள்ளிக்கூடமா தம்பி? ஆக்களக் கொண்டுபோட்டுப் போனது அது. எனக்குப் படிப்பிச்சது அந்தக் கிணறு."

சுனாமிக்குப் பிறகு அவர் ஒரு கிணற்றைப் பற்றி எடுத்த படத்தைச் சொன்னார். அரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதல். மடிக்கணினியில் பார்த்தேன். கரையோர மணலில் நல்ல தண்ணீர் என்பது உப்புத் தண்ணீருக்கு மேல் மிதக்கும் மெல்லிய படலம். சுனாமி அத்தனை கிணறுகளையும் உப்பும் சேறுமாக நிரப்பிவிட்டுப் போனது. உதவி நிறுவனங்கள் பம்புகளோடு வந்து இறைத்தன. அளவுக்கு மேல் இறைத்தால் மேலே கொஞ்சம் மிஞ்சிய நல்ல தண்ணீரும் போய்க் கீழிருந்து உப்பு ஏறும், வளையங்கள் சரியும். மழை கழுவட்டும், விட்டுவிடுங்கள் என்று நீரியல்காரர்கள் பின்னாளில் சொன்னார்கள். கிழக்குக் கரை முழுவதும் நடந்த கதை இது.

நானா ஒரே ஒரு கிணற்றைப் பிடித்துக்கொண்டார். வேலியோரம் ஒரு செங்கல் புதைத்து, ஒவ்வொரு தடவையும் அதே செங்கல்லுக்கு மேல் ஸ்டாண்டை ஊன்றினார். முதல் நிறுவனம் வருகிறது: பம்பு, குளோரின், பதாகை, குழுப்படம். வீட்டு மூத்தம்மா வாளியில் மொண்டு வாயில் வைத்துத் துப்புகிறார். அடுத்த நிறுவனம்: வேறு நிறத் தொப்பி, பெரிய பம்பு, பதாகை, குழுப்படம். மூத்தம்மா துப்புகிறார். மூன்றாவது முறை அவர் வாளியை எடுக்கும்போதே வந்தவர்களை ஒரு பார்வை பார்க்கிறார். பள்ளி மண்டபத்தில் போட்டுக் காட்டியபோது அந்தப் பார்வைக்குச் சனம் விழுந்து விழுந்து சிரித்ததாம். பின்னணிக் குரல் கிடையாது, சோக வயலின் கிடையாது. கல்யாண வீடியோக்காரர் என்பதால் இசை கொட்டிக் கிடக்கும் என்று எதிர்பார்த்தே உட்கார்ந்தேன். ஓரிடத்தில் மட்டும் பழக்கதோஷத்தில் ஓர் இதய வடிவ மாற்றம் வந்துவிட்டுப் போகிறது. எடுத்துவிடலாமே என்றேன். "கிடக்கட்டும்" என்றார்.

அந்த நாட்களில் கிழக்கில் கடலிலிருந்து 200 மீட்டருக்குள் வீடு கட்டக் கூடாது என்று அரசு கோடு போட்டிருந்தது. தெற்கில் 100 மீட்டர். துருவ் தவானின் 'ஃப்ரம் டஸ்ட்' 2005இல் இந்தக் கோட்டைப் பற்றிப் பேசியது. நானாவின் படத்தில் அது ஒரு வசனமாகக்கூட வரவில்லை. கிணற்றுக்குப் பின்னால் நடப்பட்ட ஒரு முளை மட்டும் காட்சிக்குக் காட்சி நிற்கிறது. பிறகு ஒரு காட்சியில் காணவில்லை. யார் பிடுங்கியது என்று கேட்டேன். மாடு என்றார்.

இரண்டாவது மாரிக்கு மேல் அவரால் தொடர முடியவில்லை. 2006 ஜூலையில் மாவிலாற்றுத் தண்ணீரில் பிடித்தது போர். ஆகஸ்டில் மூதூர் சண்டைக்களமாயிற்று. சனம் கந்தளாய்ப் பக்கம் நடந்தது. ஆகஸ்ட் 4 அன்று, பிரெஞ்சுத் தொண்டு நிறுவனமான ஏ.சி.எஃப்.இன் உள்ளூர்ப் பணியாளர்கள் 17 பேர் மூதூரில் அவர்கள் அலுவலக வளவுக்குள்ளேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். சுனாமிக்குப் பிந்திய மீட்பு வேலைக்கு, தண்ணீர் வேலைக்கு வந்தவர்கள். சுனாமியில் தப்பிய குடும்பங்களை நான்கு நாடுகளில் ஒரு வருடம் பின்தொடர்ந்து எடுத்த 'சில்ரன் ஆஃப் சுனாமி' என்ற தொடர் உண்டு. அதில் வந்த கிழக்குக் கரைப் பையன் ஒருவனை 2007இல் ஆயுததாரிகள் சுட்டுக் கொன்றார்கள். இந்தக் கரையில் பேரிடர்ப் படம் எடுப்பவருக்கு 'இயற்கை' என்ற அடைமொழி எங்கே முடிகிறது என்று வெட்டுவது கடினம். நானா கிணற்றுப் படத்தை அதோடு நிறுத்திவிட்டு மறுபடி கல்யாணங்களுக்குப் போனார்.

2025 நவம்பர் கடைசியில் டித்வா புயலோடு மகாவலி பெருகி மூதூர், வெருகல் பக்கமெல்லாம் தண்ணீர் ஏறியபோது ஊர்ப் பிள்ளைகள் எல்லாரும் கைபேசியில் எடுத்தார்களாம். நானாவின் மருமகன் நிறைய வைத்திருக்கிறான், எனக்கும் சிலதை அனுப்பினான். கூரையில் ஆடுகள், நீருக்குள் மோட்டார் சைக்கிள், யாரோ யாரையோ கூப்பிடும் குரல். யார், எந்த ஊர், எந்த நாள், ஒன்றும் இல்லை. "இப்ப எல்லார்ட்டயும் படம் இரிக்கு. கொப்பிதான் இல்ல" என்றார் நானா. மருமகன் காதில் அது விழுந்தமாதிரி தெரியவில்லை.

வெறுந்தேத்தண்ணி வந்தது. நான் ஒரு யோசனை சொன்னேன்: இந்த வி.எச்.எஸ். கேசட்டுகளில் சிலதில் ஏற்கெனவே பூஞ்சணம் வெள்ளைப் புள்ளியாகத் தெரிகிறது. சென்னையில் இவற்றைச் சுத்தம் செய்து கணினிக்கு மாற்றித் தரும் இடங்கள் உண்டு. ஒரு பெட்டியில் போட்டுக் கொடுத்தால் நானே கொண்டுபோய்ச் செய்து அனுப்புகிறேன். நானா யோசித்தார். ஆசைப்பட்டார் என்றே நினைக்கிறேன்.

அதுவரை உள்ளறையில் இருந்த அவர் மனைவி கதவருகே வந்து நின்றார். "அந்தக் கடையில வேல செய்றது பொம்புளையளா, ஆம்புளையளா தம்பி?"

தெரியவில்லை என்றேன். பெரும்பாலும் ஆண்கள்தான்.

"அப்ப கேசட் வராது. மெசின் வரட்டும்" என்று கொப்பியின் கடைசித் தாளைக் கிழித்து எழுதிக் கொடுத்தார். வி.எச்.எஸ். டெக் ஒன்று, ஹெட் தேயாதது. மினி டி.வி.க்கு ஃபயர்வயர் கேபிள், ஒரு முனை சின்னது, ஒரு முனை பெரியது. சென்னை ரிச்சி தெருவில் கிடைக்குமா என்று கேட்டார். பழைய சாமான் கடைகளில் தேடினால் கிடைக்கும் என்றேன். கேபிள் ஆறடியாவது இருக்கட்டும், கணினி இருக்கும் மேசைக்கும் அலுமாரிக்கும் நடுவே அவ்வளவு தூரம் என்றார்.